15.4 சதவீதம்: ஒரு எண்ணுக்காக 12 ஆண்டு வழக்குகள்... யார் இந்த கிரீஸ் அதிகாரி ஆண்ட்ரியாஸ் ஜார்ஜியூ?

அரசாங்கக் கணக்கைக் குறைத்துக் காட்டி மாட்டிக்கொண்ட அதிகாரிகளைப் பற்றி நிறையப் படித்திருப்பீர்கள். கணக்கைச் சரியாகக் காட்டியதால் மாட்டிக்கொண்ட ஒருவரைப் பற்றிக் கேள்விப்பட்டது உண்டா?

கிரீஸ் நாட்டின் தலைமைப் புள்ளியியல் அதிகாரியாக 2010 முதல் 2015 வரை இருந்தவர் ஆண்ட்ரியாஸ் ஜார்ஜியூ. அவர் வெளியிட்ட ஒரு எண், 15.4. அந்த எண் சரிதான் என்று ஐரோப்பிய ஒன்றியத்தின் புள்ளியியல் அலுவலகம் சொன்னது. அவருக்குப் பிறகு வந்த கிரீஸ் அரசுகளும் அதே கணக்கைத்தான் பயன்படுத்தின. ஆனாலும் அவர்மீது குற்ற வழக்கு பாய்ந்தது, ஆயுள் தண்டனை வரை போகக்கூடிய குற்றச்சாட்டு சுமத்தப்பட்டது, கடைசியில் இன்னொரு பிரிவில் தண்டனையும் கிடைத்தது.

அப்படி அவர் என்னதான் செய்தார்?

முதலில் அந்த எண் என்னன்னு பார்த்துடலாம்

ஒரு நாடு ஓராண்டில் 100 ரூபாய் மதிப்புக்குப் பொருளும் சேவையும் உற்பத்தி செய்கிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். அதுதான் ஜிடிபி. அந்த ஆண்டில் அரசு தன் வருமானத்தைவிட எவ்வளவு அதிகமாகச் செலவு செய்ததோ அது பற்றாக்குறை. கிரீஸ் அரசு 2009இல் அப்படி அதிகம் செலவு செய்தது 15 ரூபாய் 40 காசு. இதுதான் ஜிடிபியில் 15.4 சதவீதம் என்பதன் அர்த்தம்.

யூரோ நாணயத்தைப் பயன்படுத்தும் நாடுகளுக்கு ஒரு கட்டுப்பாடு உண்டு. பற்றாக்குறை 3 சதவீதத்தைத் தாண்டக் கூடாது, மொத்தக் கடன் ஜிடிபியில் 60 சதவீதத்தைத் தாண்டக் கூடாது. பல நாடுகள் இதை மீறியிருக்கின்றன. ஆனால் 15.4 என்பது மீறல் இல்லை, வேற லெவல்.

கிரீஸ் கணக்கில் ஏற்கெனவே இருந்த கோளாறு

2001 ஜனவரியில் கிரீஸ் யூரோவில் சேர்ந்தது. அதற்குத் தகுதி இருக்கிறதா என்று பார்த்தது 1999ஆம் ஆண்டுக் கணக்கை வைத்து. 2004இல் அந்தக் கணக்குகளைத் திரும்பத் தோண்டிப் பார்த்தபோது, 1999இலும் பற்றாக்குறை 3 சதவீதத்துக்கு மேல்தான் இருந்தது என்று தெரியவந்தது. கதவைத் தாண்டி உள்ளே வந்தபிறகுதான் டிக்கெட் செல்லாது என்று தெரிந்தது.

ஐரோப்பிய ஒன்றியத்தின் புள்ளியியல் அலுவலகமான யூரோஸ்டாட், 2005 முதல் 2009 வரை ஐந்து முறை கிரீஸ் கொடுத்த எண்களை முழுமையாக ஏற்க மறுத்து, சந்தேகக் குறிப்போடு வெளியிட்டது.

இதற்கு ஒரு முக்கியக் காரணம், கிரீஸின் பழைய புள்ளியியல் அலுவலகம் நிதி அமைச்சகத்தின் கீழே இருந்ததுதான். செலவு செய்கிறவரும் அவரே, செலவைக் கணக்கு எழுதுகிறவரின் முதலாளியும் அவரே.

2009 அக்டோபர் தேர்தலில் ஆட்சி மாறியது. ஜார்ஜ் பாப்பாண்ட்ரூ பிரதமரானார். அந்த ஆண்டின் வசந்த காலத்தில் 'இந்த வருஷப் பற்றாக்குறை 3.7 சதவீதம்' என்று பிரஸ்ஸல்ஸுக்கு எழுதிக் கொடுத்திருந்தது கிரீஸ். புது அரசு வந்த சில வாரங்களில் அது 12.5 சதவீதம் ஆனது. சந்தை ஆடிப்போனது. கிரீஸுக்குக் கடன் கொடுத்தவர்கள் வட்டியை ஏற்ற ஆரம்பித்தார்கள்.

2010 ஏப்ரல் 22 அன்று யூரோஸ்டாட் அந்த எண்ணை 13.6 ஆக உயர்த்தியது. மறுநாளே பாப்பாண்ட்ரூ, கஸ்டெலோரிசோ என்ற குட்டித் தீவில் நின்றபடி, சர்வதேச உதவி கேட்கப்போவதாக டிவியில் அறிவித்தார். மே மாதம் 110 பில்லியன் யூரோ மீட்புக் கடனுக்கு ஒப்பந்தம் ஆனது. பதிலுக்குச் சம்பள வெட்டு, பென்ஷன் வெட்டு, வரி உயர்வு.

இந்தத் தேதிகளைக் கொஞ்சம் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் தேவைப்படும்.

வாஷிங்டனில் இருந்து வந்தவர்

ஜார்ஜியூ 1960இல் கிரீஸின் பட்ராஸ் நகரில் பிறந்தவர். அமெரிக்காவின் ஆம்ஹெர்ஸ்ட் கல்லூரியில் பட்டம், மிச்சிகன் பல்கலைக்கழகத்தில் பொருளாதாரத்தில் டாக்டர் பட்டம். பிறகு வாஷிங்டனில் ஐஎம்எஃப் எனப்படும் சர்வதேச நிதியத்தில் 21 ஆண்டுகள் வேலை. நாடுகளின் கணக்கைப் பார்ப்பதே தொழில். வெளியுலகத்துக்குத் தெரியாத, நல்ல சம்பளமுள்ள, பிரச்னை இல்லாத வாழ்க்கை.

2010 மார்ச்சில் கிரீஸ் புதுச் சட்டம் கொண்டுவந்தது. புள்ளியியல் அலுவலகம் நிதி அமைச்சகத்தில் இருந்து பிரிக்கப்பட்டு, எல்ஸ்டாட் என்ற பெயரில் தன்னாட்சி அமைப்பு ஆனது. அதன் முதல் தலைவராக ஜார்ஜியூ தேர்வானார். 2010 ஆகஸ்ட் 2 அன்று பொறுப்பேற்றார்.

மீட்புக் கடன் ஒப்பந்தம் ஆகி மூன்று மாதம் கழித்து.

கணக்கு எப்படி 13.6இல் இருந்து 15.4 ஆனது?

பொறுப்பேற்ற மூன்றரை மாதத்தில், 2010 நவம்பர் 15 அன்று, 2009ஆம் ஆண்டுக்கான திருத்தப்பட்ட கணக்கு வெளியானது. பற்றாக்குறை 15.4 சதவீதம். மொத்தக் கடன் ஜிடிபியில் 126.8 சதவீதம். ஏப்ரலில் இது 115.1 ஆக இருந்தது.

இதை ஒரு வீட்டுக் கணக்காக யோசித்தால் சுலபமாகப் புரியும். மாசம் பிறந்தால் குடும்பத் தலைவர் வரவு செலவு நோட்டு எழுதுகிறார். மளிகைக் கடை பாக்கி இருக்கிறது, எழுதிவிட்டார். ஆனால் மருந்துக் கடையில் 'அப்புறம் தரேன்' என்று சொல்லி வாங்கியது நோட்டில் இல்லை. மகன் நடத்தும் கடை மாசாமாசம் நஷ்டம், அதையும் அப்பாதான் கட்டுகிறார். 'அது அவன் கடை, நம்ம கணக்குல வராது' என்று விட்டுவிட்டார். அவசரத்துக்கு ஒருவரிடம் கைமாத்து வாங்கியிருக்கிறார், ஆனால் அதைக் கடன் பக்கத்தில் எழுதவில்லை. நோட்டைப் பார்த்தால் குடும்பம் சமாளிக்கிற மாதிரிதான் தெரியும்.

கிரீஸில் மூன்றுமே நடந்திருந்தது. அரசு மருத்துவமனைகள் மருந்து, உபகரண கம்பெனிகளுக்குத் தர வேண்டிய பாக்கி ஒழுங்காகக் கணக்கில் ஏறவில்லை. ரயில்வே போன்ற அரசு நிறுவனங்கள் அரசுப் பணத்தில்தான் ஓடின, ஆனால் 'தனி நிறுவனம்' என்று கணக்குக்கு வெளியே நின்றன. கைமாத்து விஷயம்தான் ரொம்பப் பிரபலம். 2001இல் கோல்ட்மேன் சாக்ஸ் வங்கியோடு கிரீஸ் செய்த நாணயப் பரிமாற்ற ஒப்பந்தம், உண்மையில் ஒரு கடன். ஆனால் சந்தையில் இல்லாத ஒரு மாற்று விகிதத்தைப் போட்டு எழுதியதால் கடன் பக்கத்தில் அது தெரியவில்லை.

ஐரோப்பியக் கணக்கு விதி இதில் தெளிவு. அரசுக்குச் சொந்தமான ஒரு நிறுவனம், தன் உற்பத்திச் செலவில் பாதியைக்கூட விற்பனையில் சம்பாதிக்க முடியவில்லை என்றால், அது வியாபாரம் இல்லை, அரசின் ஒரு பகுதி. அதன் நஷ்டமும் கடனும் அரசுக் கணக்கில் வர வேண்டும். இந்த விதிப்படி 17 அரசு நிறுவனங்கள் அரசுக் கணக்குக்குள் கொண்டுவரப்பட்டன. பரிமாற்ற ஒப்பந்தங்களும் கடன் பக்கத்துக்கு வந்தன.

யூரோஸ்டாட் அந்தக் கணக்கைச் சந்தேகக் குறிப்பு எதுவும் இல்லாமல் ஏற்றுக்கொண்டது. அதன் பிறகு அவர் பதவியில் இருந்த காலம் முழுக்க கிரீஸ் எண்கள் அப்படியே ஏற்கப்பட்டன. 

அப்போ பிரச்னை எங்கே ஆரம்பிச்சது?

அலுவலகத்துக்கு உள்ளேயே. எல்ஸ்டாட்டுக்கு ஒரு நிர்வாக வாரியம் இருந்தது. நவம்பர் எண்ணை வெளியிடும் முன்பு அதை வாரியத்தில் வைத்து ஓட்டெடுப்பு நடத்த வேண்டும் என்றார்கள் சில உறுப்பினர்கள். ஜார்ஜியூ மறுத்தார். புள்ளிவிவரம் ஓட்டுக்கு விடுகிற விஷயம் இல்லை என்பது அவர் வாதம். இது அவருடைய சொந்தப் பிடிவாதமும் இல்லை. ஐரோப்பியப் புள்ளியியல் நடைமுறை விதிகளே அப்படித்தான் சொல்கின்றன: எந்த முறையில் கணக்கிடுவது, எதை, எப்போது வெளியிடுவது என்பதற்கு அலுவலகத் தலைவர் மட்டுமே பொறுப்பு.

தன் மின்னஞ்சல்களை வாரியத்தைச் சேர்ந்த ஒருவரே திருட்டுத்தனமாகப் படித்துவருகிறார் என்று அவர் போலீசில் புகார் கொடுக்கும் அளவுக்கு உள்ளே நிலைமை மோசமானது.

2011 செப்டம்பரில் விஷயம் வெளியே வெடித்தது. வாரியத்தில் இருந்த ஒரு பேராசிரியை, பற்றாக்குறை வேண்டுமென்றே ஊதிப் பெரிதாக்கப்பட்டது என்று குற்றம்சாட்டினார். அந்த 17 நிறுவனங்களை உள்ளே கொண்டுவந்தது சரியான ஆய்வு இல்லாமல் செய்யப்பட்டது என்பது முக்கியமான புகார். அரசு வழக்கறிஞர் விசாரணையைத் தொடங்கினார்.

அந்த நேரத்தில் கிரீஸ் எப்படி இருந்தது என்பதையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். கடைகள் மூடிக்கொண்டிருந்தன. பென்ஷன் வாங்கும் முதியவர்கள் தெருவில் இறங்கிப் போராடினார்கள். 2013இல் வேலையின்மை 27 சதவீதத்தைத் தொட்டது. இளைஞர்களில் வேலை தேடியவர்களில் பாதிக்கு மேல் வேலை இல்லை. சில ஆண்டுகளில் பொருளாதாரம் கிட்டத்தட்ட கால்வாசி சுருங்கிப்போனது. இவ்வளவு வலிக்கு ஒரு காரணம் வேண்டும், முடிந்தால் ஒரு ஆள் வேண்டும். 'ஐஎம்எஃப் ஆள் வந்தான், எண்ணை ஏத்தினான், நம்மைக் கடன்காரர்களிடம் அடகு வச்சான்' என்ற கதை எடுபட்டதில் ஆச்சரியம் இல்லை.

அரசியல்வாதிகளுக்கும் இந்தக் கதை வசதியாக இருந்தது. 2009க்கு முன்பு ஆண்ட வலதுசாரிகளின் ஆதரவாளர்களுக்கு 'எங்கள் ஆட்சியில் அவ்வளவு மோசமில்லை' என்று சொல்ல உதவியது. சிக்கன நடவடிக்கையை எதிர்த்த இடதுசாரிகளுக்கு 'மொத்தமும் சதி' என்று சொல்ல உதவியது. எதிரெதிர் முகாம்கள் ஒரே ஆளைக் கைகாட்டிய அபூர்வமான சந்தர்ப்பம்.

ஆனால் கதையில் ஒரு ஓட்டை இருக்கிறது. இப்போது அந்தத் தேதிகளுக்குத் திரும்புங்கள். 3.7 என்ற எண் 13.6 ஆனது ஜார்ஜியூ வருவதற்கு முன்பு. மீட்புக் கடன் கேட்டது, வாங்கியது, சம்பள வெட்டு அறிவித்தது எல்லாம் அவர் வருவதற்கு முன்பு. அவர் காலத்தில் கூடியது 1.8 புள்ளி. ஏப்ரலில் அறிவித்த முடிவுக்கு நவம்பரில் வந்த எண் எப்படிக் காரணமாகும்? இந்தக் கேள்விக்குக் குற்றம்சாட்டியவர்களிடம் இருந்து நேரான பதில் வரவே இல்லை.

171 பில்லியன் யூரோ நஷ்டம்!

2013 ஜனவரியில் ஜார்ஜியூ மீதும், எல்ஸ்டாட்டின் மூத்த அதிகாரிகள் இருவர் மீதும் குற்றச்சாட்டு பதிவானது. பற்றாக்குறையை ஊதிக்காட்டி நாட்டுக்கு 171 பில்லியன் யூரோ நஷ்டம் ஏற்படுத்தினார்கள் என்பது புகார். கிரீஸ் வாங்கிய முதல் மீட்புக் கடனைவிட இது பெரிய தொகை. நிரூபணம் ஆனால் ஆயுள் தண்டனை வரை கிடைக்கலாம்.

அதற்குப் பிறகு நடந்ததுதான் கொடுமை. விசாரித்த அதிகாரிகளும் நீதிபதிகளும் 'ஆதாரம் இல்லை, கைவிடலாம்' என்பார்கள். மேலிருந்து ஒருவர் 'இல்லை, திரும்ப விசாரி' என்பார். 2015இல் மேல்முறையீட்டு நீதிபதிகள் வழக்கைத் தள்ளினார்கள். 2016இல் உச்ச நீதிமன்றம் அதைத் திரும்பத் திறந்தது. மறுபடி தள்ளுபடி, மறுபடி திறப்பு. நஷ்டம் ஏற்படுத்திய வழக்கில் இருந்து அவர் முழுமையாக வெளியே வந்தது 2019இல்தான்.

இதற்கு நடுவே அவர் வேலையை விடவில்லை என்பதுதான் குறிப்பிட வேண்டியது. தன்மீது குற்றச்சாட்டு இருக்கும்போதே, ஐந்தாண்டுப் பதவிக்காலம் முழுவதும் ஆண்டுக்கு இரண்டு முறை நாட்டின் பற்றாக்குறைக் கணக்கை வெளியிட்டுக்கொண்டே இருந்தார். 2015 ஆகஸ்டில் காலம் முடிந்ததும் அமெரிக்கா திரும்பினார்.

தண்டனை கிடைத்தது எதற்கு?

இங்கேதான் பலரும் குழம்புகிறார்கள். 'பொய்க் கணக்கு காட்டியதற்காகத் தண்டனை' என்று சமூக வலைதளங்களில் பார்த்தால் நம்பாதீர்கள். எண் தவறு என்று அவரை எந்த நீதிமன்றமும் தண்டிக்கவில்லை.

கடமை தவறியதாக அவர்மீது தனியாக ஒரு வழக்கு இருந்தது. 2016 டிசம்பரில் கீழ் நீதிமன்றம் அவரை விடுதலை செய்தது. அந்த விடுதலையை எதிர்த்து இன்னொரு அரசு வழக்கறிஞர் மேலே போனார், வழக்கு மறுபடி நடந்தது. 2017 ஆகஸ்டில் மேல்முறையீட்டு நீதிமன்றம் மற்ற குற்றச்சாட்டுகளை விட்டுவிட்டு, ஒன்றில் மட்டும் அவரைக் குற்றவாளி என்றது. எது தெரியுமா? 2010 நவம்பரில் அந்த எண்ணை வாரியத்தில் ஓட்டுக்கு விடாமல் வெளியிட்டது. இரண்டு ஆண்டு சிறை, நிறுத்திவைக்கப்பட்ட தண்டனை. அதாவது சிறைக்குப் போக வேண்டியதில்லை, ஆனால் தண்டனை தண்டனைதான். 2018இல் உச்ச நீதிமன்றம் அதை உறுதி செய்தது.

ஐரோப்பிய விதி 'தலைவர் மட்டுமே பொறுப்பு' என்கிறது. கிரீஸ் கோர்ட் 'வாரியத்தைக் கேட்காதது குற்றம்' என்கிறது. இரண்டில் எது செல்லும் என்று ஐரோப்பிய ஒன்றிய நீதிமன்றத்திடம் கேளுங்கள் என்று ஜார்ஜியூ தரப்பு கோரியது. உச்ச நீதிமன்றம் கேட்கவும் இல்லை, ஏன் கேட்கவில்லை என்று காரணமும் சொல்லவில்லை. அந்த ஒரு புள்ளியைப் பிடித்து அவர் ஸ்ட்ராஸ்பர்க்கில் உள்ள ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றத்துக்குப் போனார். 2023 மார்ச் 14 அன்று தீர்ப்பு வந்தது: காரணம் சொல்லாமல் விட்டது நியாயமான விசாரணைக்கான உரிமையை மீறிய செயல். கிரீஸ் மீது தவறு.

இன்னொன்றும் இருக்கு, 'உண்மை சொன்ன அவதூறு'

இந்த வழக்கு பலருக்குப் புரியாது, ஏனென்றால் கேட்கவே விசித்திரமாக இருக்கும். 2014இல் ஜார்ஜியூ எல்ஸ்டாட் தலைவர் என்ற முறையில் ஒரு பத்திரிகை அறிக்கை வெளியிட்டார். தன் காலத்து எண்களை ஆதரித்தும், அதற்கு முந்தைய கணக்குகளின் குறையைச் சுட்டியும் எழுதியிருந்தார். பழைய அலுவலகத்தில் தேசியக் கணக்குப் பிரிவின் தலைவராக இருந்தவர் தன் பெயர் கெட்டுவிட்டது என்று வழக்குப் போட்டார்.

அப்போதைய கிரீஸ் சட்டத்தில் அவதூறு இரண்டு வகையாக இருந்தது. பொய் சொல்லி ஒருவர் பெயரைக் கெடுப்பது ஒன்று. சொன்னது உண்மையாகவே இருந்தாலும் அது ஒருவரின் பெயரைக் கெடுத்தால் இன்னொன்று, 'எளிய அவதூறு'. ஜார்ஜியூ இந்த இரண்டாவது வகையில் பொறுப்பாளி என்று ஏதென்ஸ் நீதிமன்றம் 2017இல் சொன்னது. 2021இல் மேல்முறையீட்டிலும் அதே முடிவு. 10,000 யூரோ இழப்பீடும் வட்டியும் தர வேண்டும். கூடவே, தீர்ப்பின் பெரும்பகுதியை 'கத்திமெரினி' நாளிதழில் தன் செலவில் பிரசுரிக்க வேண்டும், பொது மன்னிப்பு மாதிரி.

உலகம் என்ன சொன்னது?

புள்ளியியல்காரர்கள் பொதுவாகத் தெருவில் இறங்கிக் கொடி பிடிக்கிற ஆட்கள் இல்லை. இந்த விஷயத்தில் அவர்களே பொங்கினார்கள். சர்வதேசப் புள்ளியியல் நிறுவனம், அமெரிக்கப் புள்ளியியல் சங்கம் போன்றவை தொடர்ந்து அறிக்கை விட்டன. பல நாடுகளின் முன்னாள் தலைமைப் புள்ளியியல் அதிகாரிகள் சேர்ந்து கையெழுத்திட்டுக் கடிதம் எழுதினார்கள். அவருடைய வழக்குச் செலவுக்குச் சக புள்ளியியலாளர்கள் பணம் திரட்டினார்கள். ஐரோப்பிய ஆணையமும் அந்த எண்கள் சரியானவை என்று பலமுறை சொன்னது.

அவர்கள் கவலை ஜார்ஜியூ என்ற தனி மனிதரோடு நிற்கவில்லை. நாளைக்கு வேறொரு நாட்டில் வேறொரு அதிகாரி, கசப்பான எண் ஒன்றைக் கையில் வைத்துக்கொண்டு யோசிக்கும்போது அவருக்கு ஏதென்ஸ் ஞாபகம் வந்தால்? முதலாளியே மிரட்ட வேண்டியதில்லை, பழைய செய்தித்தாள் போதும்.

விந்தை என்னவென்றால், ஜார்ஜியூ மீது வழக்கு நடந்த ஆண்டுகளில் ஆட்சியில் இருந்த ஒவ்வொரு கிரீஸ் அரசும், அவர் முறைப்படி போட்ட கணக்குகளைக் காட்டித்தான் அடுத்தடுத்த தவணைக் கடன்களை வாங்கியது. 'இந்த எண் பொய்' என்று எந்த அரசும் யூரோஸ்டாட்டுக்கு எழுதித் திருத்தம் கேட்கவில்லை.

இப்போ அவர் எங்கே?

அமெரிக்காவில். தான் படித்த ஆம்ஹெர்ஸ்ட் கல்லூரியிலேயே வருகைதரு ஆசிரியராக மாணவர்களுக்குப் பாடம் எடுத்தார்.

2009ஆம் ஆண்டுக்கான கிரீஸ் பற்றாக்குறை அதற்குப் பிறகும் வழக்கமான திருத்தங்களில் தசமப் புள்ளிக்கு அந்தப் பக்கம் கொஞ்சம் மாறியிருக்கிறது, எல்லா நாட்டுக் கணக்கும் அப்படித்தான் மாறும். ஆனால் யூரோஸ்டாட் அட்டவணையில் அது இன்றும் 15 சதவீதத்துக்கு மேலேயேதான் இருக்கிறது.